இதயப்புழு மருந்து கொடுத்த பின் வாந்தி, தள்ளாட்டம், இருமல்: வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

கொசுக்கடியால் நாய்களுக்கு வரும் இதயப்புழு நோயைப் பற்றிச் சென்ற இதழில் எழுதியிருந்தேன். நோயைப் பற்றிய ஐயங்கள்தாம் வரும் என்று எதிர்பார்த்திருந்தேன். ஆனால் வந்த கடிதங்களில் பெரும்பாலானவை மருந்தைப் பற்றிய கவலையையே சொல்லியிருந்தன. தான் கையால் கொடுத்த மாத்திரையால் வளர்ப்புப் பிராணி துன்பப்படுவதைப் பார்த்தவருக்கு அடுத்த மாதம் அந்த அட்டையைப் பிரிக்கக் கை வராது என்பதை நான் அறிவேன். ஆகவே இந்த இதழ் முழுவதையும் அந்தக் கடிதங்களுக்கே ஒதுக்கியிருக்கிறேன்.

கேள்வி: எங்கள் லாப்ரடாருக்கு மூன்று வயது. இதயப்புழு, உண்ணி இரண்டுக்கும் சேர்த்து மாதம் ஒருமுறை கொடுக்கும் மெல்லும் மாத்திரையைக் கொடுத்து வருகிறோம். கடந்த இரண்டு மாதங்களாக மாத்திரை கொடுத்த அன்றே வாந்தி எடுக்கிறது. மறுநாள் முழுவதும் சோர்ந்து படுத்திருக்கிறது. மாத்திரையைப் பாதியாக உடைத்து இரண்டு நாட்களில் கொடுக்கலாமா? அல்லது நிறுத்திவிடலாமா? (வேளச்சேரியிலிருந்து ஒரு வாசகி)

பதில்: இரண்டும் வேண்டாம் அம்மா. முதலில், வாந்தி எத்தனை நேரம் கழித்து வந்தது என்பதைக் கவனியுங்கள். மாத்திரை உள்ளே போன ஒரு மணி நேரத்துக்குள் வாந்தி வந்து, அதில் மாத்திரைத் துண்டுகளும் தெரிந்தால், அந்த மாதத்துக்கான மருந்து உடலில் சேரவில்லை என்று கொள்ள வேண்டும். அப்போது நீங்களாக இன்னொரு மாத்திரையைக் கொடுத்துவிடாமல், மருத்துவரைத் தொலைபேசியில் கேட்டு அவர் சொல்லும்படி செய்யுங்கள். ஐந்தாறு மணி நேரம் கழித்து வந்த வாந்தி என்றால் மருந்து பெரும்பாலும் சேர்ந்துவிட்டிருக்கும். வயிற்றைத்தான் கவனிக்க வேண்டும்.

பல வீடுகளில் காலையில் வெறும் வயிற்றில் மாத்திரையைக் கொடுக்கும் பழக்கம் இருக்கிறது. மாலைச் சாப்பாட்டில் பாதியைக் கொடுத்து, நடுவில் மாத்திரையைக் கொடுத்து, மீதிச் சாப்பாட்டையும் கொடுத்துப் பாருங்கள். இந்த ஒரு மாற்றத்தாலேயே சரியாகிவிடும் நாய்கள் உண்டு. அப்படியும் வாந்தி தொடர்ந்தால் மாத்திரையின் சுவைக்காகச் சேர்க்கும் மாட்டிறைச்சி அல்லது பன்றியிறைச்சிப் புரதம் ஒத்துக்கொள்ளாமல் இருக்கலாம். அத்தகைய நாய்களுக்குக் கழுத்தின் பின்புறத் தோலில் விடும் சொட்டு மருந்து மாற்று வழியாகும்.

நீங்கள் கொடுப்பது உண்ணிக்கும் சேர்த்த கூட்டு மருந்து என்பதால் மேலும் ஒன்றைச் சொல்ல வேண்டும். அஃபோக்ஸோலனர், சரோலனர் போன்ற உண்ணி மருந்துகள் அடங்கிய ஐசாக்சசோலின் வகை, சில நாய்களுக்கு நடுக்கத்தையும் வலிப்பையும் உண்டாக்கலாம் என்று அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் 2018-இல் எச்சரித்தது. பெரும்பாலான நாய்களுக்கு அவை பாதுகாப்பானவையே. ஆனாலும் உங்கள் நாய்க்கு எப்போதாவது ஒருமுறை வலிப்பு வந்திருந்தால்கூட அதை மருத்துவரிடம் மறைக்காமல் சொல்லுங்கள். இதயப்புழுவுக்கு மட்டுமான மாத்திரையை அவர் தனியாக எழுதித் தருவார்.

மாத்திரையை உடைத்துத் தரக் கூடாது என்பதற்குக் காரணம் உண்டு. உடலில் அண்மையில் புகுந்த இளம்புழுக்களைக் கொல்லவே இந்த மருந்து கணக்கிடப்பட்டிருக்கிறது; அளவு குறைந்தால் அவை தப்பிவிடும். அவை வளர்ந்து முழுப்புழுவாக ஆறேழு மாதங்கள் ஆகும். அதற்குப் பிறகு செய்ய வேண்டிய சிகிச்சை, நீங்கள் இப்போது பார்க்கும் வாந்தியைப் போலப் பல மடங்கு கடுமையானது. முகம் வீங்குதல், தோலில் தடிப்புத் தடிப்பாக எழும்புதல், மூச்சுத் திணறல் ஆகியவை மட்டும் ஒரு நிமிடமும் காத்திருக்கக் கூடாத அறிகுறிகள். அவற்றைக் கண்டால் தொலைபேசியில் கேட்டுக்கொண்டிருக்காமல் மருத்துவமனைக்குப் புறப்பட்டுவிடுங்கள்.

கேள்வி: எங்களுடையது ஆறு வயதுக் கோலி வகை நாய், எடை 20 கிலோ. பண்ணை மாடுகளுக்கு ஊசி போட வந்தவர், உண்ணிக்கும் இதயப்புழுவுக்கும் இது ஒன்றே போதும் என்று சொல்லி, மாட்டுக்குப் போட்ட அதே ஐவர்மெக்டின் மருந்தில் 1 மில்லியை நாய்க்கும் போட்டுவிட்டார். அன்றிரவு கால்கள் பின்னத் தொடங்கின, எச்சில் வழிந்தது, சுவரில் முட்டிக்கொண்டது. மூன்று நாள் மருத்துவமனையில் இருந்து பிழைத்தது. இனி இந்த நாய்க்கு இதயப்புழு மருந்தே கொடுக்கக் கூடாதா? (ஓசூரிலிருந்து ஒரு வாசகர்)

பதில்: உங்கள் நாய் பிழைத்தது எனக்கு மிகுந்த ஆறுதலைத் தருகிறது. இந்தக் கடிதத்துக்கு விரிவாகவே பதில் எழுத வேண்டும். ஏனெனில் கிராமங்களிலும் பண்ணைகளிலும் இந்தத் தவறு திரும்பத் திரும்ப நடக்கிறது.

கணக்கைப் பாருங்கள். மாடுகளுக்கான ஐவர்மெக்டின் ஊசி பெரும்பாலும் 1 சதவீதக் கரைசல். அதன் 1 மில்லியில் 10 மில்லிகிராம், அதாவது 10,000 மைக்ரோகிராம் மருந்து இருக்கிறது. 50 கிலோ எடைக்கு 1 மில்லி என்பது மாட்டுக்கான அளவு. நாய்க்கு இதயப்புழு வராமல் தடுக்கத் தேவைப்படுவதோ, ஒரு கிலோ எடைக்கு வெறும் 6 மைக்ரோகிராம். உங்கள் நாய்க்கு 120 மைக்ரோகிராம் போதும், ஏறியதோ 10,000. தேவையைப் போல 80 மடங்குக்கும் மேல்.

மற்ற வகை நாய் ஒன்றாக இருந்திருந்தால் இந்த அளவையும் தாங்கியிருக்கக்கூடும். சொறி நோய்க்கு மருத்துவர்களே சில வேளைகளில் இதற்கு நெருங்கிய அளவில் கொடுப்பதுண்டு. ஆனால் கோலி வகையின் நிலை வேறு. மூளைக்குள் நுழையப் பார்க்கும் மருந்தை, கிணற்று நீரை இறைப்பது போல வெளியே இறைத்துவிடும் ஒரு புரதம் உடலில் உண்டு. அதை உருவாக்கும் எம்டிஆர்1 என்னும் மரபணு, கோலி நாய்களில் பலவற்றுக்குப் பழுதாகவே பிறவியில் அமைந்துவிடுகிறது. வாஷிங்டன் மாநிலப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த காத்ரினா மீலி குழுவினர் 2001-இல் இதைக் கண்டறிந்தனர். ஷெட்லண்ட் ஷீப்டாக், ஆஸ்திரேலியன் ஷெப்பர்ட் ஆகிய வகைகளிலும், குறைந்த அளவில் ஜெர்மன் ஷெப்பர்டிலும், இவற்றின் கலப்பு நாய்களிலும் இந்தப் பழுது இருக்கலாம். இறைக்க ஆளில்லாத கிணறு போல, மருந்து மூளையில் தேங்கிவிடுகிறது. கண்பாவை விரிந்து பார்வை மங்குதல், எச்சில் வழிதல், தள்ளாட்டம், நடுக்கம், முற்றினால் நினைவிழப்பு என அறிகுறிகள் அடுத்தடுத்து வருவது இதனால்தான். இதற்கு முறிமருந்து கிடையாது. குளுக்கோஸ் ஏற்றி, உடல் வெப்பத்தைக் காத்து, மூச்சைக் கவனித்து, மருந்து தானாக வெளியேறும் வரை உயிரைப் பிடித்து வைத்திருப்பதுதான் சிகிச்சை. சில நாய்களுக்கு அது வாரக்கணக்கில்கூட நீளும்.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். கொடுக்கலாம், கொடுக்கத்தான் வேண்டும். நாய்களுக்கென்றே தயாரிக்கப்பட்ட மாத மாத்திரையில் இருக்கும் 6 மைக்ரோகிராம் அளவு, இந்த மரபணுப் பழுது உள்ள கோலிகளிலும் சோதிக்கப்பட்டு, பாதுகாப்பானது என உறுதி செய்யப்பட்டது. பழுதுள்ள நாய்களுக்குத் தொல்லை தொடங்குவது ஒரு கிலோவுக்கு ஏறத்தாழ 100 மைக்ரோகிராமைத் தொடும்போதுதான். ஜப்பானில் கவானா என்ற ஊரின் கோல்ஃப் மைதானத்துக்கு அருகே எடுத்த மண்ணில் வாழ்ந்த நுண்ணுயிரிலிருந்து வந்த மருந்து இது. அதற்காகச் சதோஷி ஓமுராவும் வில்லியம் கேம்ப்பெலும் 2015-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டனர். மாட்டுக்கும் நாய்க்கும் மனிதருக்கும் பயன்படும் மருந்துதான். வேறுபாடு அளவில் இருக்கிறது.

உங்கள் நாயின் மருத்துவச் சீட்டின் முதல் பக்கத்திலேயே ‘ஐவர்மெக்டின் அதிக அளவு ஒவ்வாது’ என்று பெரிய எழுத்தில் எழுதி வையுங்கள். வயிற்றுப்போக்கை நிறுத்த நாம் வீட்டில் வைத்திருக்கும் லோபெரமைடு மாத்திரையும் இத்தகைய நாய்களின் மூளையைத் தாக்கும் என்பதால், அதை ஒருபோதும் கொடுக்காதீர்கள். மயக்கத்துக்குமுன் தரப்படும் அசிப்ரோமசைன், ப்யூடார்ஃபனால் ஆகியவற்றையும் மருத்துவர் அளவு குறைத்தே தர வேண்டும். ஐவர்மெக்டின் ஏறிய மாட்டின் சாணத்தைத் தின்றும், குதிரைக்கான பசை மருந்து கீழே சிந்தியதை நக்கியும் நஞ்சேறிய கோலிகள் உண்டு. பண்ணை வீடு என்பதால் இதையும் சொல்லி வைக்கிறேன்.

கேள்வி: யானைக்கால் நோய்த் தடுப்புக்காகச் சுகாதாரப் பணியாளர்கள் தந்த டி.இ.சி. மாத்திரைகள் வீட்டில் மீதம் இருக்கின்றன. நாயின் இதயப்புழுவும் அதே இனத்தைச் சேர்ந்த புழுதான் என்று படித்தேன். அதை நாய்க்குக் கொடுத்தால் பக்க விளைவு ஏதும் வருமா? (நாகப்பட்டினத்திலிருந்து ஒரு வாசகர்)

பதில்: தயவுசெய்து கொடுக்காதீர்கள். நீங்கள் படித்தது சரிதான். இரண்டும் கொசுவால் பரவும் ஃபைலேரியா குடும்பப் புழுக்கள். டி.இ.சி. மருந்தும் 1987-இல் ஐவர்மெக்டின் மாத மாத்திரை வருவதற்கு முன், நாய்களுக்கு நாள்தோறும் கொடுக்கப்பட்டு வந்தது. ஆனால் இரத்தத்தில் ஏற்கெனவே நுண்புழுக்கள், அதாவது முழுப்புழுக்கள் ஈன்ற கண்ணுக்குத் தெரியாத குட்டிகள், சுற்றிக்கொண்டிருக்கும் நாய்க்கு அதைக் கொடுத்தால், ஒரு மணி நேரத்துக்குள் உயிருக்கு ஆபத்தான அதிர்ச்சி நிலை வரலாம்.

நான் பணியில் சேர்ந்த புதிதில் அப்படி ஒரு நாயைப் பார்த்தேன். மாத்திரை கொடுத்து அரை மணி நேரம்கூட ஆகியிருக்கவில்லை என்றார்கள். மேசைமேல் கிடத்தி உதட்டை விலக்கிப் பார்த்தபோது ஈறு தாள் போல வெளுத்திருந்தது. விரலால் அழுத்தி எடுத்தால் நிறம் திரும்பவே இல்லை. அன்று அது பிழைத்துக்கொண்டது என்றாலும், அந்த வெளுத்த ஈறு என் நினைவை விட்டு அகலவில்லை.

மில்பெமைசின் போன்ற இன்றைய மருந்துகளும் நுண்புழு நிறைந்த நாய்களில் இத்தகைய எதிர்வினையை, பெரும்பாலும் குறைந்த கடுமையுடன், உண்டாக்கக்கூடும். ஆகவேதான் ஏழு மாதத்தைக் கடந்த எந்த நாய்க்கும் இரத்தப் பரிசோதனை செய்யாமல் முதல் மாத்திரையைக் கொடுக்கக் கூடாது என்கிறோம். சில மாதங்கள் விட்டுப்போன மருந்தை மீண்டும் தொடங்குவதானாலும் இதே விதிதான். இரத்தத் துளியில் நுண்புழு தெரிந்தவுடனேயே அது இதயப்புழு என்று அஞ்சிவிடவும் வேண்டாம். தென்னிந்திய நாய்களில், கேரளத்தில் குறிப்பாக, தோலுக்கடியில் வாழும் டைரோஃபைலேரியா ரெப்பன்ஸ் என்ற வேறொரு புழு காணப்படுகிறது. அதன் குட்டிகளும் இரத்தத்தில் நெளியும். உண்மையான இதயப்புழுவா என்பதை, இரத்தத்தில் இதயப்புழுவின் புரதத்தைத் தேடும் ஆன்டிஜென் பரிசோதனையே பிரித்துச் சொல்லும்.

கேள்வி: நான் ஹூஸ்டனில் வசிக்கிறேன். காப்பகத்திலிருந்து எடுத்து வந்த நாய்க்கு இதயப்புழு இருப்பது தெரிந்து, டாக்சிசைக்ளின் என்ற நுண்ணுயிர்க்கொல்லி மாத்திரைகளை முடித்து, பத்து நாட்களுக்கு முன் முதல் மெலார்சொமின் ஊசி போடப்பட்டது. இடுப்பில் ஊசி போட்ட இடம் வீங்கி, ஒரு வாரம் உட்காரவே அழுதது. இப்போது வீக்கம் வடிந்துவிட்டது, ஆனால் நேற்றிலிருந்து இலேசாக இருமுகிறது. பிரெட்னிசோன் என்ற ஸ்டீராய்டு மாத்திரையால் இரவில் மூன்று முறை வீட்டுக்குள்ளேயே சிறுநீர் கழித்துவிடுகிறது. அந்த மாத்திரையை மட்டும் நிறுத்தலாமா? மற்றபடி உற்சாகமாக இருக்கிறது, பந்து வேண்டும் என்று கேட்கிறது. எப்போது ஓடவிடலாம்? ஊசியில் பாஷாணம் இருக்கிறது என்றும் சொல்கிறார்கள். (பெயர் வெளியிட விரும்பாத வாசகி)

பதில்: உங்கள் நாய் இப்போது மிக முக்கியமான நாட்களில் இருக்கிறது அம்மா. முதலில் அந்த இருமலை இன்றே மருத்துவரிடம் சொல்லிவிடுங்கள். மீதியைப் பிறகு படிக்கலாம்.

மெலார்சொமின் ஆர்செனிக் (பாஷாணம்) கலந்த மருந்து என்பது உண்மை. முதிர்ந்த இதயப்புழுவைக் கொல்ல வேறு வலிமையான மருந்து இல்லாததால்தான் அதைப் பயன்படுத்துகிறோம். முதுகுத் தசைக்குள் ஆழமாகப் போடப்படுவதால் வலியும் வீக்கமும் சில நாட்கள் இருக்கும். சிறிய கட்டி ஒன்று வாரக்கணக்கில் தங்கவும் கூடும். அந்த இடத்தைத் தடவிக் கொடுப்பதோ நீவி விடுவதோ வேண்டாம். வலிக்கு மருத்துவர் தந்ததைத் தவிர வேறு எதையும் கொடுக்காதீர்கள். மனிதருக்கான இபுப்ரோஃபென், ஆஸ்பிரின் ஆகியவை பிரெட்னிசோனோடு சேர்ந்தால் இரைப்பையில் புண் உண்டாகி இரத்தம் கசியும்.

இந்தச் சிகிச்சையில் உண்மையான ஆபத்து மருந்தைவிட, செத்த புழுக்களால்தான் வருகிறது. பெண்புழு ஒன்று ஏறத்தாழ ஓர் அடி, அதாவது 30 செ.மீ. நீளம் வளரும், நாயின் உடலில் ஐந்து முதல் ஏழு ஆண்டுகள் வாழும். ஊசி பட்டுச் செத்ததும் அது எங்கும் வெளியே போவதில்லை. துண்டு துண்டாகச் சிதைந்து, இரத்தத்தோடு நுரையீரலின் சிறு நாளங்களுக்குள் போய் அடைத்துக்கொள்கிறது. உடல் அதைச் சிறிது சிறிதாகக் கரைக்க வேண்டும். ஊசி போட்ட ஏழாம், எட்டாம் நாளிலிருந்து நான்கு வாரம் வரை இந்த அடைப்பு ஏற்படும் காலம். உங்கள் நாய் பத்தாம் நாளில் இருமுவதால்தான் உடனே சொல்லுங்கள் என்றேன்.

இலேசான இருமலும் சிறு காய்ச்சலும் பல நாய்களுக்கு வந்து அடங்கும். ஆனால் இருமலில் இரத்தம், ஈறு வெளுத்தல், மயங்கி விழுதல், சாப்பாட்டை முற்றிலும் மறுத்தல், காப்பி நிறத்தில் சிறுநீர் ஆகியவற்றில் எது வந்தாலும் இரவு எந்நேரமானாலும் அவசர மருத்துவமனைக்குப் போக வேண்டும். வீட்டில் நீங்களே செய்யக்கூடிய நல்ல பரிசோதனை ஒன்று உண்டு. நாய் ஆழ்ந்து தூங்கும்போது அருகில் அமர்ந்து, விலா எழும்பித் தாழ்வதை அரை நிமிடம் எண்ணி இரட்டிப்பாக்குங்கள். நிமிடத்துக்கு 30-க்குள் இருந்தால் நல்லது. நாள்தோறும் எண்ணித் தாளில் குறித்து வந்தால், எண்ணிக்கை ஏறத் தொடங்கும்போது இருமலுக்கு முன்பே உங்களுக்குத் தெரிந்துவிடும்.

பிரெட்னிசோனை நீங்களாக நிறுத்தவே கூடாது. நுரையீரல் நாளங்களில் வீக்கம் மிகாமல் காப்பது அந்த மாத்திரைதான். அதைத் திடீரென நிறுத்தினால் உடலும் தடுமாறும். தாகம், அடிக்கடி சிறுநீர், அடங்காப் பசி, மூச்சிரைப்பு ஆகியவை அந்த மருந்தின் குணங்கள். வாரம் வாரம் அளவு குறையக் குறைய அவையும் குறைந்துவிடும். தண்ணீர்க் கிண்ணத்தை மட்டும் எடுத்து வைத்துவிடாதீர்கள், அது கொடுமையாகிவிடும். இரவு படுக்குமுன் ஒருமுறை, விடியற்காலை ஒருமுறை கயிற்றில் பிடித்து வெளியே அழைத்துச் செல்லுங்கள். படுக்கையில் உறிஞ்சும் விரிப்பைப் போடுங்கள். மாத்திரையைக் காலையில் கொடுக்கலாமா என்றும் மருத்துவரைக் கேட்டுக்கொள்ளுங்கள். வீட்டுக்குள் சிறுநீர் கழித்துவிட்டு உங்கள் முகத்தைப் பார்க்கும் நாயைத் தயவுசெய்து அதட்டாதீர்கள். சிறுநீரை அடக்க அதற்கு இயலவில்லை.

ஓட்டத்துக்கு வருவோம். நாய் உற்சாகமாக இருக்கும்போதுதான் நமக்குச் சங்கடம். ஓடினால் இதயம் வேகமாக அடித்து, செத்த புழுத் துண்டுகளை நுரையீரலுக்குள் தள்ளும்; இச்சிகிச்சையின்போது நாய்கள் இறப்பதற்கு முதன்மையான காரணங்களுள் ஒன்று இந்த ஓட்டமும் துள்ளலும்தான். முதல் ஊசிக்கு ஒரு மாதம் கழித்து இரண்டாவது, அதற்கு மறுநாள் மூன்றாவது என்பது அமெரிக்க இதயப்புழுச் சங்கம் பரிந்துரைக்கும் முறை. கடைசி ஊசிக்குப் பின் ஆறு முதல் எட்டு வாரம் வரை ஓய்வு. ஆக, முதல் ஊசியிலிருந்து ஏறத்தாழ மூன்று மாதங்கள் பந்து கிடையாது, மாடிப்படி கிடையாது, அழைப்புமணி அடித்தால் வாசலுக்கு ஓடுவதும் கிடையாது. மணியை அணைத்து வையுங்கள். பந்துக்குப் பதிலாகத் துணியைச் சுருட்டி, நடுவில் உணவுத் துணுக்குகளை ஒளித்துக் கொடுத்தால் மோப்பம் பிடித்துத் தேடும் வேலையிலேயே நாய் களைத்துவிடும். இடையில் ஜூலை 4 வாணவேடிக்கை வருவதாக இருந்தால், அமைதிப்படுத்தும் மருந்தை முன்கூட்டியே கேட்டு வாங்கி வையுங்கள். கடைசி ஊசிக்கு ஒன்பது மாதங்கள் கழித்து ஆன்டிஜென் பரிசோதனை செய்து, புழு முற்றிலும் அழிந்ததா என்று பார்ப்பார்கள்.

கேள்வி: பினாங்கில் எங்கள் வீட்டுப் பூனைக்கு இதயப்புழு வராமல் தடுக்கும் செலமெக்டின் சொட்டு மருந்து விட்டோம். அடுத்த நிமிடமே வாயில் நுரை தள்ளியது. சில நாளில் அந்த இடத்தில் முடியும் கொட்டிவிட்டது. நஞ்சேறிவிட்டதா? (ஒரு வாசகி)

பதில்: மருந்தை நக்கியதால், அதன் கசப்பினால் வந்த நுரை அது. ஈரத்துணியால் வாயைத் துடைத்து, சிறிது நீரோ மீன் வேகவைத்த உப்பில்லாத நீரோ கொடுத்தால் அடங்கிவிடும். மருந்து விட்ட இடத்தில் முடி கொட்டுவதும் சில பூனைகளுக்கு நேர்வதுதான். பெரும்பாலும் மீண்டும் முளைத்துவிடும். அடுத்த முறை கழுத்தின் பின்புறம், மண்டையோடு முடியும் இடத்தில், முடியை நன்றாக வகிர்ந்து தோலிலேயே படும்படி விடுங்கள். அந்த இடத்தைப் பூனையின் நாக்கு எட்டாது.

உங்கள் வீட்டில் நாயும் இருந்தால் மட்டும் மிகுந்த எச்சரிக்கை தேவை. நாய்களுக்கான சில சொட்டு மருந்துகளில் பெர்மெத்ரின் இருக்கும். பூனைக்கு அது கொடிய நஞ்சு. நாயின் முதுகு காயும் வரை பூனையை வேறு அறையில் வையுங்கள். தவறுதலாகப் பூனைமேல் பட்டு, காதும் முகமும் துடிக்கத் தொடங்கினால், பாத்திரம் கழுவும் சோப்பு நீரால் இளஞ்சூட்டில் கழுவி, துடைத்து, போர்த்திக்கொண்டு உடனே மருத்துவரிடம் எடுத்துச் செல்லுங்கள். மருந்துப் பெட்டியையும் கையோடு கொண்டு போங்கள்.